‘அனாதைகள்’ என விமானம் ஏற்றப்பட்ட வியட்நாம் குழந்தைகள்: 50 ஆண்டு கழித்து அம்மாவைத் தேடுவது எப்படி?

வியட்நாம் போர் முடிய சில வாரங்களே இருந்த 1975 ஏப்ரலில், சைகோன் நகரத்திலிருந்து 2,500-க்கும் மேற்பட்ட குழந்தைகள் விமானங்களில் ஏற்றி வெளிநாடுகளுக்கு அனுப்பப்பட்டார்கள். அமெரிக்கா, ஆஸ்திரேலியா, கனடா, பிரிட்டன், பிரான்ஸ், மேற்கு ஜெர்மனி என்று பல நாட்டுக் குடும்பங்கள் அவர்களைத் தத்தெடுத்தன.

அந்தக் குழந்தைகளுக்கு இப்போது 50 வயதுக்கு மேல் ஆகிவிட்டது. அவர்களைப் பெற்ற அம்மாக்கள் உயிரோடு இருந்தால் பெரும்பாலும் எழுபது, எண்பது வயதில் இருப்பார்கள். அதனால்தான் பிறந்த குடும்பத்தைத் தேடும் வேலையை, இனியும் தள்ளிப்போட முடியாத ஒன்றாக அவர்களில் பலர் பார்க்கிறார்கள்.

இந்தக் குழந்தைகள் ஏன் அனுப்பப்பட்டார்கள்? எல்லாருமே அனாதைகளா? தேடல் எப்படி நடக்குது? குடும்பம் கிடைச்ச பிறகு என்ன ஆகுது? விரிவாகப் பார்க்கலாம்.

ஆபரேஷன் பேபிலிஃப்ட்: என்ன நடந்தது?

1975 மார்ச்சில் தென் வியட்நாமின் நகரங்கள் ஒவ்வொன்றாக வடக்கு வியட்நாம் படைகளிடம் விழுந்துகொண்டிருந்தன. டா நாங் நகரமும் விழுந்தது. சைகோனில் இருந்த குழந்தைகள் இல்லங்கள் நிரம்பி வழிந்தன.

ஏப்ரல் 3-ம் தேதி அமெரிக்க அதிபர் ஜெரால்ட் ஃபோர்டு, இந்தக் குழந்தைகளை விமானத்தில் அழைத்துவர 20 லட்சம் டாலர் ஒதுக்குவதாக அறிவித்தார். இதற்கு ‘ஆபரேஷன் பேபிலிஃப்ட்’ என்று பெயர் வைத்தார்கள்.

தொடக்கமே பெரும் சோகத்தில் முடிந்தது. ஏப்ரல் 4-ம் தேதி கிளம்பிய முதல் அதிகாரப்பூர்வ விமானம், அமெரிக்க விமானப்படையின் சி-5ஏ கேலக்ஸி என்ற ராட்சத சரக்கு விமானம். கிளம்பிய சில நிமிடங்களில் அதன் பின்பக்கக் கதவின் பூட்டுகள் உடைந்து கதவு பிய்ந்து போனது. விமானிகள் திருப்பிக் கொண்டுவர முயன்றும், ஓடுபாதையைத் தொடுவதற்கு முன்பே அது நெல் வயலில் விழுந்தது. 138 பேர் இறந்தார்கள். அதில் 78 பேர் குழந்தைகள். அவர்களோடு போன ஆவணங்களும் அழிந்தன.

அதன் பிறகும் விமானங்கள் நிற்கவில்லை. மறுநாள் சான்ஃபிரான்சிஸ்கோவில் வந்திறங்கிய ஒரு குழந்தையை அதிபர் ஃபோர்டே கையில் தூக்கிவந்த படம் உலகப் பத்திரிகைகளில் வந்தது. ஏப்ரல் 30-ம் தேதி சைகோன் வீழ்ந்தது, போரும் முடிந்தது.

எல்லாருமே அனாதைகளா?

இல்லை. பிரச்சனையே இங்கதான் தொடங்குது.

அன்றைய தென் வியட்நாமில் குழந்தைகள் இல்லத்தில் ஒரு குழந்தை இருந்தால், அதற்குப் பெற்றோர் இல்லை என்று அர்த்தம் கிடையாது. போரில் வீட்டை இழந்தவர்கள், கணவர் போர்முனையில் இருந்த பெண்கள், சோறு போட வழியில்லாதவர்கள் என்று பலர் ‘நிலைமை சரியானதும் வந்து கூட்டிட்டுப் போறேன்’ என்று சொல்லி, கன்னியாஸ்திரிகள் நடத்திய இல்லங்களில் பிள்ளைகளை விட்டிருந்தார்கள். அவர்களைப் பொறுத்தவரை இது ஹாஸ்டலில் விடுவது மாதிரி.

இன்னொரு காரணம் பயம். அமெரிக்க சிப்பாய்களுக்கும் வியட்நாம் பெண்களுக்கும் பிறந்த கலப்பினக் குழந்தைகளை கம்யூனிஸ்டுகள் கொன்றுவிடுவார்கள் என்ற வதந்தி அப்போது காட்டுத்தீ போல் பரவியிருந்தது. ‘எங்கேயாவது உயிரோட இருந்தா போதும்’ என்று நினைத்துத்தான் பல தாய்மார்கள் தாங்களாகவே பிள்ளைகளை ஒப்படைத்தார்கள்.

அமெரிக்காவில் இறங்கிய குழந்தைகளில் சிலர், தங்களுக்கு அம்மா அப்பா இருப்பதாகவும் வீட்டுக்குப் போக வேண்டும் என்றும் வியட்நாமிய மொழியில் சொன்னார்கள். மொழி தெரிந்த தன்னார்வலர்கள் வழியாக இது வெளியே வந்தது. 1975-லேயே சான்ஃபிரான்சிஸ்கோ கூட்டாட்சி நீதிமன்றத்தில் வழக்கும் போடப்பட்டது. ‘நுயென் டா யென் எதிர் கிஸ்ஸிங்கர்’ என்று அறியப்படும் இந்த வழக்கில், அனாதை அல்லாத குழந்தைகளைப் பெற்றோரிடம் திரும்பச் சேர்க்க வேண்டும் என்று கேட்கப்பட்டது. எல்லாக் குழந்தைகளுக்கும் சேர்த்து ஒரே வழக்காக அதை நடத்த நீதிமன்றம் அனுமதிக்கவில்லை. பெரும்பாலான குழந்தைகள் தத்தெடுத்த குடும்பங்களிலேயே வளர்ந்தார்கள்.

1975-உடன் கதை முடியல

வியட்நாமிலிருந்து வெளிநாட்டுத் தத்தெடுப்பு 1990-களில் மறுபடியும் சூடுபிடித்தது. பிரான்ஸ், இத்தாலி, அமெரிக்கா ஆகிய நாடுகளுக்கு ஆயிரக்கணக்கான குழந்தைகள் போனார்கள். ஹாலிவுட் நடிகை ஏஞ்சலினா ஜோலி 2007-ல் ஹோ சி மின் நகரிலிருந்து ஒரு சிறுவனைத் தத்தெடுத்தது பலருக்கு நினைவிருக்கலாம்.

அடுத்த ஆண்டே, 2008 ஏப்ரலில், ஹனோயில் உள்ள அமெரிக்கத் தூதரகம் ஒரு அறிக்கை வெளியிட்டது. குழந்தைகள் விலைக்கு வாங்கப்படுவதாகவும் போலி ஆவணங்கள் தயாரிக்கப்படுவதாகவும் அது குற்றம்சாட்டியது. அந்த ஆண்டு செப்டம்பரில் காலாவதியான இரு நாட்டுத் தத்தெடுப்பு ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. 2009-ல் நாம் தின் மாகாண நீதிமன்றம், 250-க்கும் மேற்பட்ட குழந்தைகளுக்குப் பொய் ஆவணம் தயாரித்த வழக்கில் 16 பேரைத் தண்டித்தது. பெற்றோர் இருந்தும் ‘கைவிடப்பட்ட குழந்தை’ என்று எழுதுவதுதான் அந்த மோசடியின் அடிப்படை.

அந்த அலையில் போன குழந்தைகளுக்கு இப்போது இருபது வயதுக்கு மேல். ஆக, இன்று தேடலில் இருப்பது இரண்டு தலைமுறை.

தேடல் எங்கிருந்து தொடங்கும்?

பெரும்பாலும் வீட்டு அலமாரியில் இருக்கும் ஒரு பழைய ஃபைலில் இருந்துதான். அதில் வழக்கமாகப் பார்க்க வேண்டியவை:

• பிறப்புச் சான்றிதழ், குழந்தைகள் இல்லத்தின் பெயர், அனுப்பிய தத்தெடுப்பு நிறுவனத்தின் கடிதங்கள்.

• விமானத்தில் ஏற்றும்போது கையில் கட்டிய பெயர்ப் பட்டை. 1975 குழந்தைகள் சிலரிடம் இது இன்னும் இருக்கிறது.

• அமெரிக்கக் குடியேற்றத் துறையின் கோப்பு. தகவல் அறியும் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்தால் இதன் நகலை வாங்கலாம். குடும்பத்திடம் இல்லாத தாள்கள் சில நேரம் இதில் இருக்கும்.

• தத்தெடுப்பு நிறுவனங்களின் காப்பகம். ஹோல்ட் போல அந்தக் காலத்திலிருந்தே இயங்கும் நிறுவனங்கள் பழைய பதிவுகளை வைத்திருக்கின்றன.

அடுத்த கட்டம் வியட்நாமில். பழைய இல்லங்கள் பல இப்போது பள்ளிகளாகவோ அரசு அலுவலகங்களாகவோ மாறிவிட்டன. ஆனால் அங்கே வேலை பார்த்த கன்னியாஸ்திரிகளும் ஆயாக்களும் அக்கம்பக்கத்தில் இருக்கலாம். உள்ளூர் பத்திரிகை விளம்பரம், ஃபேஸ்புக் குழுக்கள், வியட்நாமின் வாட்ஸ்அப் என்று சொல்லக்கூடிய ஸாலோ செயலி ஆகியவையும் பயன்படுகின்றன.

டிவியும் உண்டு. பிரிந்த குடும்பங்களைச் சேர்த்து வைப்பதற்கென்றே வியட்நாம் அரசுத் தொலைக்காட்சி 2007-ல் ஒரு நிகழ்ச்சியைத் தொடங்கியது. ‘பிரிவே நடக்காதது போல’ என்பது அதன் பெயரின் பொருள். போரில் சிதறிய ஏராளமான குடும்பங்கள் அந்த நிகழ்ச்சிக்குக் கடிதம் எழுதின.

பெயர், வயசு, ஊர்: மூணுமே ஏமாத்தும்

ஆவணம் கையில் இருந்தாலும் அதை அப்படியே நம்ப முடியாது.

பெயர்: வியட்நாமிய மொழி லத்தீன் எழுத்தில் எழுதப்பட்டாலும், எழுத்துக்கு மேலும் கீழும் போடும் குறிகள்தான் பொருளைத் தீர்மானிக்கின்றன. ‘மா’ என்ற ஒரே ஒலி, தொனி மாறும்போது பேய், அம்மா, நெல் நாற்று, கல்லறை என்று வேறு வேறு சொல்லாகிவிடும். வெளிநாட்டு ஆவணங்களில் இந்தக் குறிகள் எல்லாம் விடுபட்டுவிட்டன. குறி இல்லாத பெயரை வைத்துத் தேடுவது, இனிஷியலும் இல்லாமல் ‘குமார்’ என்று தேடுவது மாதிரி. போதாததற்கு, வியட்நாமியர்களில் சுமார் மூன்றில் ஒருவருக்குக் குடும்பப் பெயர் நுயென்தான்.

சில குழந்தைகளுக்குப் பெயரே இல்லங்களில் வைக்கப்பட்டது. ஒரு குழந்தை நோயில் படுத்தாலோ இறந்தாலோ, அதன் ஆவணத்தில் வேறு குழந்தையை அனுப்பிய சம்பவங்களும் நடந்தன. அதோடு, வீட்டில் ஒரு செல்லப் பெயர், தாளில் வேறு பெயர் என்பது அங்கே சாதாரணம். ‘என் மகள் பெயர்’ என்று அம்மா சொல்வது ஆவணத்தில் எங்குமே இருக்காது.

தென் வியட்நாமில் இன்னொரு வழக்கம் உண்டு. மூத்த பிள்ளையை ‘இரண்டு’ என்றுதான் கூப்பிடுவார்கள். எண்ணிக்கை அங்கிருந்துதான் தொடங்கும். ‘நாலு’ என்று அழைக்கப்பட்டவர் உண்மையில் மூன்றாவது பிள்ளை. இது தெரியாமல் தேடினால் அண்ணன், அக்கா கணக்கு தப்பிவிடும்.

வயது: பழைய வியட்நாமிய முறையில் பிறக்கும்போதே குழந்தைக்கு ஒரு வயது. அடுத்த டெட், அதாவது சந்திரப் புத்தாண்டு வந்ததும் இன்னொரு வயது. அந்தக் கணக்கில் ‘ஆறு வயது’ என்றால் நம் கணக்கில் நாலரை வயதாகக்கூட இருக்கலாம். தேதி மறந்தாலும் அம்மாக்கள் மறக்காதது விலங்கு ஆண்டை. ‘எருமை ஆண்டில் பிறந்தவள்’ என்றால் 1973, ‘புலி ஆண்டு’ என்றால் 1974. அதனால் தேடுபவர்கள் கேட்க வேண்டிய கேள்வி ‘எந்தத் தேதி?’ என்பதைவிட ‘எந்த விலங்கு?’ என்பதுதான்.

ஊர்: சைகோன் 1976-ல் ஹோ சி மின் நகரமானது. போருக்குப் பிறகு மாகாணங்கள் இணைக்கப்பட்டு, பின்னர் மறுபடியும் பிரிக்கப்பட்டன. 2025 ஜூலை 1 முதல் 63 மாகாணங்களும் நகரங்களும் 34 ஆகக் குறைக்கப்பட்டிருக்கின்றன. மாவட்டம் என்ற அடுக்கே எடுக்கப்பட்டுவிட்டது. உதாரணத்துக்கு, குவாங் நாம் மாகாணம் இப்போது டா நாங்கோடு சேர்ந்துவிட்டது. பழைய சான்றிதழில் உள்ள முகவரியை இன்றைய வரைபடத்தில் கண்டுபிடிப்பதே தனி வேலை.

டிஎன்ஏ எப்படி உதவுது?

எச்சில் மாதிரியை ஒரு குப்பியில் போட்டு அனுப்பினால், அந்த நிறுவனத்தின் தரவுத்தளத்தில் இருக்கும் மற்றவர்களோடு ஒப்பிட்டுச் சொல்வார்கள். பெற்றோர், பிள்ளை இடையே டிஎன்ஏ பாதி ஒத்துப்போகும். ஒரே தாய் அல்லது ஒரே தந்தை மட்டும் என்றால் சுமார் 25 சதவீதம். பெரியப்பா, சித்தி பிள்ளைகள் என்றால் சுமார் 12.5 சதவீதம். இதை வைத்து உறவை நெருங்கலாம்.

ஆனால் ஒரு முரண் இருக்கு. இந்தத் தரவுத்தளங்களில் இருப்பவர்களில் பெரும்பாலானோர் அமெரிக்கர்கள், ஐரோப்பியர்கள். அதனால் கலப்பினக் குழந்தையாகப் போனவர் பரிசோதனை செய்தால், யாரென்றே தெரியாத அமெரிக்கச் சிப்பாய் அப்பாவின் உறவினர்கள் சில வாரங்களில் கிடைத்துவிடுகிறார்கள். தேடிய அம்மா கிடைப்பதில்லை. வியட்நாம் கிராமத்தில் இருக்கும் அம்மா பரிசோதனை செய்திருந்தால்தானே பொருந்தும்?

இதனால்தான் தன்னார்வலர்களும் தத்துப்பிள்ளைகளின் குழுக்களும் வியட்நாமுக்கே பரிசோதனை கிட்டுகளை எடுத்துச் சென்று, பிள்ளையைத் தேடும் முதிய தாய்மார்களிடம் மாதிரி சேகரிக்கிறார்கள். மைஹெரிடேஜ் நிறுவனம் 2018-ல் தத்துப்பிள்ளைகளுக்கும் அவர்களைத் தேடும் குடும்பங்களுக்கும் 15,000 கிட்டுகளை இலவசமாகத் தருவதாக அறிவித்தது.

எச்சரிக்கையும் தேவை. 23அண்ட்மீ நிறுவனத்தில் 2023-ல் நடந்த தகவல் திருட்டில் சுமார் 69 லட்சம் பேரின் விவரங்கள் கசிந்தன. 2025 மார்ச்சில் அந்த நிறுவனம் திவால் மனு தாக்கல் செய்தது. டிஎன்ஏ-வைக் கொடுப்பதற்கு முன்பு, யாரிடம் கொடுக்கிறோம், பிறகு அழிக்கச் சொல்ல முடியுமா என்று பார்த்துக்கொள்வது நல்லது.

இன்னொரு விஷயம்: டிவியில், ஃபேஸ்புக்கில் ஒரு படம் வந்ததும் ‘இது என் பிள்ளைதான்’ என்று பல குடும்பங்கள் வருவதுண்டு. அவர்கள் எல்லாரும் பொய் சொல்பவர்கள் இல்லை. அவர்களும் ஒரு பிள்ளையைத் தொலைத்தவர்கள்தான். அதனால், கட்டிப்பிடித்து அழுவதற்கு முன்பு டிஎன்ஏ முடிவு வரும் வரை காத்திருப்பது இரண்டு பக்கத்துக்கும் நல்லது.

அம்மா கிடைச்சாச்சு... அப்புறம்?

முதல் தடை மொழி. வியட்நாமிய மொழியில் எல்லாருக்கும் பொதுவான ‘நான்’, ‘நீ’ வைத்து வீட்டில் பேச முடியாது. உறவுமுறையே பிரதிப்பெயர். அம்மாவிடம் பேசும்போது தன்னை ‘கோன்’ (பிள்ளை) என்று சொல்ல வேண்டும். அக்காவிடம் அதே ஆள் ‘எம்’ (தம்பி, தங்கை). அப்பாவின் அண்ணன், அப்பாவின் தம்பி, அம்மாவின் சகோதரர் என ஒவ்வொருவருக்கும் தனிச்சொல். தமிழில் பெரியப்பா, சித்தப்பா, மாமா என்று பிரித்துச் சொல்பவர்களுக்கு இது எளிதில் புரியும். ‘அங்கிள்’ என்ற ஒரே சொல்லோடு வளர்ந்தவருக்கு, வாயைத் திறப்பதற்கு முன்பே யார் யாருக்கு என்ன முறை என்று தெரிய வேண்டியிருக்கிறது.

இரண்டாவது, பணம். பெற்றோரைப் பிள்ளைகள் தாங்க வேண்டும் என்பது வியட்நாம் குடும்பத்தின் அடிப்படை நெறி. வெளிநாட்டில் இருக்கும் பிள்ளை மாதாமாதம் பணம் அனுப்புவது அங்கே பாசத்தின் அடையாளம். அதே கோரிக்கை, சந்தித்த ஒரு வாரத்தில் வந்தால், அமெரிக்காவில் வளர்ந்தவருக்கு ‘இதுக்குத்தான் தேடினாங்களா?’ என்று தோன்றிவிடும்.

2002-ல் வெளியான ‘டாட்டர் ஃப்ரம் டனாங்’ ஆவணப்படம் இதைத்தான் காட்டியது. ஏழு வயதில் பேபிலிஃப்டில் அனுப்பப்பட்டு டென்னசியில் வளர்ந்த ஒரு பெண், 22 ஆண்டுகள் கழித்து டா நாங்கில் அம்மாவைச் சந்திக்கிறார். ஆனந்தக் கண்ணீரில் தொடங்கிய பயணம், சகோதரர்கள் பண உதவி பற்றிப் பேசும்போது உடைந்து போகிறது. சன்டான்ஸ் விழாவில் பரிசு வென்று ஆஸ்கருக்கும் பரிந்துரைக்கப்பட்ட அந்தப் படத்தில் வில்லன் யாரும் இல்லை. இரண்டு பக்கமும் தங்களுக்குத் தெரிந்த முறையில்தான் உறவைப் புரிந்துகொண்டார்கள்.

மூன்றாவது, வளர்த்தவர்கள். அம்மா அப்பா மனசு கஷ்டப்படும் என்று அவர்கள் இறக்கும் வரை தேடலைத் தொடங்காதவர்கள் உண்டு. அந்தத் தாமதத்திலேயே பெற்ற தாயும் இறந்துபோயிருப்பார். அப்படிப்பட்டவர்களுக்கு மிஞ்சுவது வீட்டில் முன்னோர் படங்கள் வைத்திருக்கும் பீடமும், ஆண்டுதோறும் வரும் நினைவு நாளும். நம் ஊர் திதி மாதிரி, அன்று குடும்பமே கூடிச் சமைத்துப் படைக்கும். ஊதுபத்தி ஏற்ற அழைக்கப்படுவதே, ‘நீயும் இந்த வீட்டுப் பிள்ளை’ என்று ஏற்றுக்கொண்டதற்கான அடையாளம்.

எல்லாரும் தேடுறாங்களா?

இல்லை. ஜெர்மனியின் துணைப் பிரதமராக 2011 முதல் 2013 வரை இருந்த ஃபிலிப் ரோஸ்லர், 1973-ல் தென் வியட்நாமின் சோக் ட்ராங் பகுதியில் பிறந்து, ஒன்பது மாதக் குழந்தையாக ஜெர்மன் தம்பதியால் தத்தெடுக்கப்பட்டவர். பிறந்த நாட்டுக்குப் போய் வந்திருந்தாலும், பெற்றவர்களைத் தேடுவதில் தனக்கு ஆர்வம் இல்லை என்று அவர் சொல்லியிருக்கிறார்.

வேறு சிலர் குடும்பத்தைத் தேடாமல், மொழி கற்றுக்கொள்வது, சமைப்பது, டெட் கொண்டாடுவது என்று பண்பாட்டோடு மட்டும் உறவு வைத்துக்கொள்கிறார்கள். தேடுவதும் தேடாமல் இருப்பதும் அவரவர் உரிமை.

சட்டம் என்ன சொல்லுது?

• 2011 முதல் நடைமுறையில் இருக்கும் வியட்நாமின் தத்தெடுப்புச் சட்டம், தத்துப்பிள்ளைக்குத் தன் பூர்வீகத்தைத் தெரிந்துகொள்ளும் உரிமை உண்டு என்கிறது.

• வெளிநாட்டுத் தத்தெடுப்பு தொடர்பான ஹேக் ஒப்பந்தம் வியட்நாமில் 2012 பிப்ரவரியில் அமலுக்கு வந்தது. குழந்தையின் பிறப்புத் தகவல்களைப் பாதுகாப்பது இதன்படி அரசின் கடமை.

• வியட்நாம் வம்சாவளியினருக்கு ஐந்து ஆண்டுகள் வரை செல்லும் விசா விலக்குச் சான்றிதழ் உண்டு. இதற்குப் பிறப்பு ஆவணம் கைகொடுக்கும்.

• அமெரிக்காவில் 2001 பிப்ரவரியில் அமலான சட்டம், வெளிநாட்டிலிருந்து தத்தெடுக்கப்பட்ட குழந்தைகளுக்குத் தானாகக் குடியுரிமை தந்தது. ஆனால் அன்று 18 வயது நிரம்பாதவர்களுக்கு மட்டும். 1975-ல் வந்தவர்கள் அந்த வரம்பைத் தாண்டிவிட்டார்கள். வளர்த்தவர்கள் அப்போதே விண்ணப்பிக்காமல் விட்டிருந்தால் சிக்கல். வியட்நாமுக்குக் கிளம்பும் முன் முதலில் சரிபார்க்க வேண்டியது இதைத்தான். போன பிறகு திரும்பி வர முடியாமல் போகக் கூடாது.

உலக அளவில் என்ன மாறியிருக்கு?

வெளிநாட்டுத் தத்தெடுப்பைப் பற்றிய பார்வையே மாறிவருகிறது. இலங்கை, இந்தோனேசியா, வங்கதேசம், பிரேசில், கொலம்பியா ஆகிய நாடுகளிலிருந்து நடந்த தத்தெடுப்புகளை விசாரித்த நெதர்லாந்துக் குழு, 2021 பிப்ரவரியில் கடுமையான முறைகேடுகளைச் சுட்டிக்காட்டியது. உடனே அந்நாட்டு அரசு வெளிநாட்டுத் தத்தெடுப்பை நிறுத்தி வைத்தது. 2024-ல் சீனா, உறவினர்களைத் தவிர மற்ற வெளிநாட்டவர் தத்தெடுப்பதை முடிவுக்குக் கொண்டுவந்தது. 2025 மார்ச்சில் தென் கொரியாவின் உண்மை ஆணையம், அந்நாட்டிலிருந்து நடந்த தத்தெடுப்புகளில் மனித உரிமை மீறல்கள் நடந்ததாக அறிவித்தது.

நெதர்லாந்திலும் தென் கொரியாவிலும் பேசப்படுவது வியட்நாமில் கேட்கப்படும் அதே கேள்விதான்: அந்தத் தாளில் ‘அனாதை’ என்று எழுதியது யார், எதை வைத்து எழுதினார்கள்?

டிஎன்ஏ பரிசோதனைக்குக் கெடு கிடையாது, தாய்மார்களின் வயதுக்கு உண்டு. தேட முடிவு செய்தவர்களுக்கு இந்தக் குழுக்களில் இருப்பவர்கள் முதலில் சொல்வதும் அதுதான்: வீட்டிலிருக்கும் தாள்கள் ஒவ்வொன்றையும் இன்றே ஸ்கேன் செய்து வையுங்கள். வளர்த்த பெற்றோர் இருக்கும்போதே, அவர்களுக்கு நினைவிருப்பதை எல்லாம் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.